பென் ஜான்சன்: லாயத்திலிருந்து வந்த துணை நடிகர்

மேய்ச்சல்நிலம்:

பழைய கௌபாய் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் அது ஜான் வெய்னில் தொடங்கி கிளின்ட் ஈஸ்ட்வுட்டில் போய் நின்றுவிடுகிறது. அந்த இருவர் படங்களிலும் இருந்த ஒரு மனிதரைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. பென் ஜான்சன். 1988 ஒலிம்பிக்கில் ஓடியவர் வேறு ஆள். இவர் குதிரைக்காரர்.

1918 ஜூன் 13 அன்று ஓக்லஹோமாவில் ஃபோரேக்கர் என்ற சின்ன ஊரில் பிறந்தார். ஓசேஜ் பழங்குடியினரின் நிலப்பகுதி அது, கண்ணுக்கெட்டிய தூரம் புல்வெளி. அப்பா பெயரும் பென் ஜான்சன்தான். மாட்டுப் பண்ணைக்காரர், ரோடியோவில், அதாவது கௌபாய்களின் குதிரை, மாடு, கயிறு வித்தைப் போட்டிகளில், கயிறு வீசுவதற்குப் பேர்போன வீரர். மகனும் பண்ணை வேலைக்கே போனார். நாளுக்கு 1 டாலர் கூலி. 1940-ல் தயாரிப்பாளர் ஹாவர்ட் ஹ்யூஸ் 'தி அவுட்லா' படத்துக்காக அந்தப் பக்கம் வந்து குதிரைகள் வாங்கினார். அவற்றைக் கொண்டுபோய்ச் சேர்க்கிற வேலை பென்னுக்குக் கிடைத்தது. கைக்கு வந்த முதல் காசோலை 300 டாலர். ஊரில் பத்து மாதம் உழைத்தால் வருகிற பணம். அதற்கப்புறம் தடியெடுத்து அடித்து விரட்டியிருந்தாலும் ஊருக்குத் திரும்பியிருக்க மாட்டேன் என்று பிற்காலத்தில் சொன்னார்.

1941-ல் கரோல் ஜோன்ஸைக் கல்யாணம் செய்துகொண்டார். பெண்ணின் அப்பா ஃபேட் ஜோன்ஸ், ஹாலிவுட் படங்களுக்குக் குதிரை வாடகைக்கு விடும் பெரிய லாயத்தின் சொந்தக்காரர். மருமகன் பகலெல்லாம் படப்பிடிப்பில் குதிரையைப் பார்த்துக்கொள்வார். நாயகன் குதிரையில் பாய வேண்டிய இடத்தில் அவருடைய தொப்பியையும் சட்டையையும் மாட்டிக்கொண்டு ஏறிவிடுவார். ஜான் வெய்ன், கேரி கூப்பர், ஜோயல் மெக்ரே, ஜேம்ஸ் ஸ்டூவர்ட் என்று பலருக்கு டூப் போட்டார். முதுகு தெரியும், முகம் தெரியாது. இப்படியே ஏழெட்டு வருடம்.

1948-ல் வந்த 'ஃபோர்ட் அப்பாச்சி' படத்தில் ஹென்றி ஃபோண்டாவுக்கு டூப். ஒரு நாள் படப்பிடிப்பில் மூன்று பேரோடு நின்ற வண்டியைக் குதிரைகள் மிரண்டு இழுத்துக்கொண்டு ஓடின. பென் தன் குதிரையில் துரத்திப் போய் நிறுத்தினார். மூன்று பேரும் பிழைத்தார்கள். இயக்குநர் ஜான் ஃபோர்ட் இதற்குக் கைம்மாறு செய்வேன் என்றார். இன்னொரு படத்தில் டூப் வேலை கிடைக்கும், மிஞ்சிப்போனால் இரண்டு வரி வசனம் கிடைக்கும் என்றுதான் பென் நினைத்திருக்கிறார். ஃபோர்ட் நீட்டியதோ ஏழு வருட நடிகர் ஒப்பந்தம். ஐந்தாவது வரியில் வாரம் 5,000 டாலர் என்று இருந்ததாம். அதற்கு மேல் படிக்காமல் கையெழுத்துப் போட்டேன் என்று பென்னே இந்தக் கதையைச் சொல்வார்.

பலரும் இதோடு கதையை முடித்துக்கொள்கிறார்கள்: டூப் போட்டவர் ஒரு நல்ல காரியம் செய்தார், நடிகரானார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அவர் டூப் வேலையிலிருந்து நடிப்புக்குத் தாவவில்லை, முதலாவதில் கற்றதைத்தான் கடைசிவரை இரண்டாவதில் செய்தார் என்று நினைக்கிறேன். அதைப் பேசத்தான் இந்த இழை.

ரீல்பெட்டி:

நல்ல இழை. ஆனால் கொஞ்சம் மறுத்துப் பேச அனுமதியுங்கள். பென் ஜான்சன் அருமையான குதிரைக்காரர், அதில் சந்தேகமில்லை. நடிகர் என்று தூக்கிப் பிடிக்க என்ன இருக்கிறது? இந்த ஊரில் எல்லோரும் என்னைவிட நல்ல நடிகர்கள், ஆனால் பென் ஜான்சனாக நடிக்க அவர்களால் முடியாது என்று அவரே சொல்லியிருக்கிறார். அந்தப் பேச்சை நான் அப்படியே எடுத்துக்கொள்கிறேன். அவர் தானாகவே இருந்தார், கேமரா ஓடியது. அதற்குப் பெயர் நடிப்பா?

மேய்ச்சல்நிலம்:

ரீல்பெட்டி சார், 'ஷி வோர் எ யெல்லோ ரிப்பன்' படத்தை ஒருமுறை எடுத்துப் பாருங்கள். 1949. சார்ஜென்ட் டைரீ வேடம். எதைக் கேட்டாலும் அது என் இலாகா இல்லை என்று பதில் சொல்கிற ஆள். அந்த வசனத்தை வேறு நடிகர் சொல்லியிருந்தால் சிரிப்புக்குச் சொன்னதாகத் தெரியும். இவர் சொல்லும்போது, கண் வசனத்தில் இல்லை, தூரத்து மேட்டில் இருக்கிறது. எதிரே யார் வருகிறார்கள் என்று பார்த்துக்கொண்டே, கேட்டவருக்கு மரியாதைக்காக ஒரு பதில். ஒற்றனாக முன்னால் போகும் சிப்பாய் அப்படித்தான் இருப்பான். பண்ணையில் மாடு தேடிப் போய்ப் பழகிய கண் அது.

அதே படத்தில் துரத்தி வருகிறவர்களிடமிருந்து தப்பிக்கக் குதிரையோடு ஒரு பள்ளத்தைத் தாண்டுவார். முகம் தெரிகிற நடிகரே தாண்டுகிறார், வெட்டி ஒட்ட வேண்டியதில்லை. கேமராவை எங்கே வைப்பது என்ற ஃபோர்டின் தலைவலியே தீர்ந்துபோகிறது. டூப் தேவைப்படாத நடிகர் கிடைத்தால் ஒரு இயக்குநர் எவ்வளவு நீளத்துக்கு ஷாட் வைக்கலாம் என்று யோசித்துப் பாருங்கள்.

லாயக்காரன்:

நான் எட்டு வருடம் படப்பிடிப்புகளுக்குக் குதிரை கொண்டுபோகிற வேலையில் இருந்தவன். சினிமா ஞானம் குறைவு, குதிரை கொஞ்சம் தெரியும். அந்த வண்டியை நிறுத்திய விஷயத்தைப் பற்றி ஒன்று சொல்கிறேன்.

மிரண்டு ஓடுகிற வண்டிக் குதிரையின் முன்னால் போய்க் கையை விரித்து நிற்பது சினிமாவில் மட்டும்தான். நிஜத்தில் அப்படி நின்றால் மிதிபட்டுச் சாக வேண்டியதுதான். பக்கவாட்டில் சமமாக ஓட்டிப் போக வேண்டும். முன்னால் ஓடுகிற குதிரையின் தலைக்கு நேராகப் போய்க் கடிவாளத்தைப் பிடிக்க வேண்டும். பிடித்ததும் வெடுக்கென்று இழுக்கக் கூடாது, இழுத்தால் அது தடுமாறி விழும், பின்னால் வருகிற குதிரையும் வண்டியும் அதன் மேல் ஏறும். மெல்ல மெல்லத் தலையைத் திருப்பி, வட்டமாக ஓடவிட்டு, வட்டத்தைச் சுருக்கிக்கொண்டே வந்தால் வேகம் தானாக இறங்கும். இவ்வளவும் செய்யும்போது நம் காலுக்கும் வண்டிச் சக்கரத்துக்கும் நடுவே சில அடிதான் இருக்கும். நம் குதிரையும் மிரளாமல் இருக்க வேண்டும்.

யோசிக்க நேரமே இருக்காது. பயமில்லாத ஆளால் மட்டும் முடியாது, பதற்றமில்லாத ஆள் வேண்டும். அதைப் பார்த்த இயக்குநர் இவனை நடிக்க வைக்கலாம் என்று நினைத்ததில் எனக்கு ஆச்சரியமே இல்லை.

மழைக்குருவி:

அண்ணா, எனக்கு இந்த மாதிரிப் படங்களைப் பார்ப்பதே கஷ்டம். குதிரைகள் குட்டிக்கரணம் போட்டு விழுகிற காட்சிகளில் கண்ணை மூடிக்கொள்வேன். அவை உண்மையிலேயே அடிபட்டனவா? பென் ஜான்சன் மாதிரிக் குதிரையை நேசித்தவர் அந்த வேலையை எப்படிச் செய்தார்?

லாயக்காரன்:

நியாயமான கேள்வி தங்கச்சி. மறைக்காமல் சொல்ல வேண்டும்.

1930-களில் 'ரன்னிங் டபிள்யூ' என்று ஒன்று இருந்தது. குதிரையின் முன்னங்கால்களில் பட்டை கட்டி, அதிலிருந்து கம்பியை வயிற்றுக் கச்சையில் இருக்கிற வளையம் வழியாகப் பின்னால் கொண்டுபோய்த் தரையில் ஆழமாக அடித்த முளையில் கட்டுவார்கள். குதிரை முழு வேகத்தில் ஓடும். கம்பியின் நீளம் முடிந்த இடத்தில் முன்னங்கால் இரண்டும் அடியிலிருந்து பிடுங்கப்படும். தலைகுப்புற விழும். எப்போது விழப்போகிறோம் என்று மேலே இருப்பவனுக்குத் தெரியும், குதிரைக்குத் தெரியாது. அதுதான் கொடுமை. கழுத்து முறிந்து, கால் முறிந்து செத்தவை நிறைய. 1936-ல் வந்த 'தி சார்ஜ் ஆஃப் தி லைட் பிரிகேட்' படத்தில் பல குதிரைகள் செத்தன. 1939-ல் 'ஜெஸ்ஸி ஜேம்ஸ்' படத்துக்காக உயரமான பாறை விளிம்பிலிருந்து தண்ணீருக்குள் தள்ளியதில் குதிரை செத்தது. அந்த ஆத்திரத்துக்கு அப்புறம்தான் 1940 முதல் அமெரிக்கன் ஹியூமேன் அசோசியேஷன் என்ற விலங்கு நலச் சங்கத்தின் ஆட்கள் படப்பிடிப்புகளைக் கண்காணிக்க ஆரம்பித்தார்கள்.

இன்னொரு வழி, விழப் பழக்கிய குதிரை. மென்மையான மணலில் படுக்கப் பழக்கி, பிறகு நடையில், பிறகு ஓட்டத்தில் என்று மாதக்கணக்கில் சொல்லிக்கொடுப்பார்கள். படம் எடுக்கும் இடத்தில் தரையைக் கொத்தி மணலும் மரத்தூளும் போட்டு மேலே மண்ணைத் தூவி மூடுவார்கள். ஓட்டுகிறவன் தலையை ஒரு பக்கம் இழுத்து, தன் எடையையும் அதே பக்கம் சாய்ப்பான். குதிரை தோளில் இறங்கி விழும், தானே எழுந்துகொள்ளும். அவன் அதற்கு ஒரு நொடி முன்னால் அங்கவடியிலிருந்து (சேணத்தில் கால் நுழைக்கிற வளையம்) காலை உருவியிருக்க வேண்டும். மறந்தால் கால் குதிரைக்கு அடியில்.

இதற்குக் குதிரை அவனை நம்ப வேண்டும். நம்பாத குதிரை அந்தக் குழிக்கு முன்னால் வந்ததும் நின்றுவிடும். அவ்வளவுதான், படப்பிடிப்பு முடிந்தது. லாயத்தில் வளர்ந்த ஆட்களுக்கு ஹாலிவுட்டில் இருந்த மதிப்பு இதனால்தான்.

ரீல்பெட்டி:

லாயக்காரன் அண்ணன் எழுதியதைப் படித்தபின் ஒரு பெயரைச் சொல்லியே ஆக வேண்டும். யகிமா கனட். 1895-ல் பிறந்தவர், ரோடியோவிலிருந்து வந்தவர். 1939-ல் 'ஸ்டேஜ்கோச்' படத்தில் ஆறு குதிரைகள் இழுக்கிற வண்டியின் முன்குதிரை மேல் தாவி, அங்கிருந்து விழுந்து, குதிரைகளுக்கும் வண்டிக்கும் அடியில் படுத்தபடி பிடியை விட்டுவிடுவார். வண்டி அவர் மேல் கடந்து போகும். இன்றைக்குப் பார்த்தாலும் மூச்சு நிற்கிறது. 1959-ல் 'பென்-ஹர்' படத்தின் தேர்ப் பந்தயத்தை அமைத்தவர்களில் முக்கியமானவர். அதில் சார்ல்டன் ஹெஸ்டனுக்கு டூப் போட்டவர் அவருடைய மகன் ஜோ. தேர் துள்ளியதில் முன்னால் தூக்கி வீசப்பட்டு, விளிம்பைப் பிடித்துத் தொங்கி ஏறினார். அது திட்டமிடாத விபத்து, படத்தில் அப்படியே இருக்கிறது.

ஸ்டண்ட் என்று பேசினால் கனட்தான் மலை. 1966-ம் ஆண்டுக்கான கௌரவ ஆஸ்கரை ஸ்டண்ட் வேலைக்காகவே வாங்கினார். பென் ஜான்சனோ நடிப்புக்கு வாங்கினார். எனவே பென்னை ஸ்டண்ட் வரலாற்றில் வைப்பதா, நடிப்பு வரலாற்றில் வைப்பதா என்பதே எனக்குக் குழப்பம்.

மேய்ச்சல்நிலம்:

கனட்டைப் பற்றி நீங்கள் சொன்ன ஒவ்வொரு எழுத்தும் சரி. ஸ்டண்ட் கலையை ஒரு தொழிலாக, பாதுகாப்போடு செய்யக்கூடியதாக மாற்றியவர் அவர். பென் அந்த வேலையைச் செய்யவில்லை, அந்தப் பெருமையை அவருக்குக் கேட்கவும் மாட்டேன்.

நீங்கள் குழப்பம் என்று சொல்வதுதான் எனக்குப் பிடித்த இடம். அந்த இரண்டு வரலாறுகளுக்கும் நடுவில் சுவர் இருக்கிறது என்று நாம்தான் நினைத்துக்கொண்டிருக்கிறோம். ரிச்சர்ட் ஃபார்ன்ஸ்வொர்த்தைப் பாருங்கள். 1937-ல் ஸ்டண்ட் ஆளாக வந்தவர். பல ஆண்டுகள் முகம் தெரியாமல் இருந்து, 1978-ல் வந்த ஒரு படத்துக்காகத் துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை, 'தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி' படத்துக்காக எழுபத்தொன்பது வயதில் சிறந்த நடிகருக்கான பரிந்துரை. அவரிடமும் பென்னிடம் இருக்கிற அதே அடக்கம், அதே நிதானம். இருவரும் தற்செயலாக ஒரே மாதிரி வந்தார்கள் என்று என்னால் நம்ப முடியவில்லை.

டூப் போடுகிறவன் முதலில் கற்றுக்கொள்வது, தன்னைக் காட்டிக்கொள்ளாமல் இருப்பது. நாயகன் எப்படி உட்காருவானோ அப்படி உட்கார வேண்டும். 'ஃபோர்ட் அப்பாச்சி'யில் ஃபோண்டா செய்தது விறைப்பான, வறட்டுக் கௌரவம் பிடித்த ஒரு கர்னல் வேடம். இயல்பாக ஓட்டத் தெரிந்த பண்ணைக்காரன் அந்த விறைப்பைத் தன் முதுகுத்தண்டில் கொண்டுவர வேண்டும். முகத்தை மறைத்துக்கொண்டு, முதுகால் மட்டும் ஒரு பாத்திரத்தைச் செய்கிற பயிற்சி அது. இதற்கு நடிப்பு என்று பெயர் வைக்க எனக்குத் தயக்கமில்லை.

தேவகோட்டையான்:

தம்பி, நல்லாச் சொல்றீங்க. எனக்கு ஒரு சந்தேகம். ஏழு வருட ஒப்பந்தம் என்றீர்கள். 1949, 50-ல் ஃபோர்டின் படங்களில் வந்தவர் அப்புறம் காணாமல் போய்விட்டாரே? நான் 'ரியோ கிராண்டே'க்குப் பிறகு அவரை ஃபோர்டு படத்தில் பார்த்த ஞாபகமே இல்லை.

மேய்ச்சல்நிலம்:

சரியாகக் கவனித்திருக்கிறீர்கள் ஐயா. அந்த இரண்டு வருடமும் அவருக்குப் பொற்காலம். 1949-ல் 'மைட்டி ஜோ யங்' படத்தில் நாயகன், ராட்சதக் குரங்குக்குக் கயிறு வீசுகிற கௌபாய். 1950-ல் 'வேகன் மாஸ்டர்', மார்மன் என்ற மதப் பிரிவு மக்களின் வண்டிகளைப் பாலைவனம் வழியாகக் கூட்டிப் போகிற குதிரை வியாபாரி. பெரிய நட்சத்திரம் ஒருவர்கூட இல்லாத படம் அது, ஃபோர்டின் மிக அழகான படங்களில் ஒன்று என்று சொல்வேன். அதே வருடம் 'ரியோ கிராண்டே'. அதில் இரண்டு குதிரைகளின் முதுகில் ஒவ்வொரு கால் வைத்து நின்றபடி பாய்கிற ரோமன் சவாரிக் காட்சி வரும். பென்னும் அவருடைய நண்பர் ஹாரி கேரி ஜூனியரும் டூப் இல்லாமல் அவர்களே செய்தது. நின்றபடியே வேலியையும் தாண்டுவார்கள்.

அந்தப் படப்பிடிப்பில்தான் முறிந்தது. ஒரு நாள் இரவுச் சாப்பாட்டின்போது, அன்றைக்கு எடுத்த சண்டைக் காட்சியைப் பற்றி பென் பக்கத்தில் இருந்த ஹாரி கேரியிடம் ஏதோ சொன்னார். இவ்வளவு துப்பாக்கி வெடித்தும் விழுந்த ஆட்கள் கொஞ்சம்தான் என்கிற மாதிரி. மேசையின் தலைமாட்டில் இருந்த ஃபோர்டு காதில் அரைகுறையாக விழுந்துவிட்டது. என்ன சொன்னாய், எல்லோருக்கும் கேட்கச் சொல் என்று அதட்டினார். பென் ஒன்றுமில்லை என்றார். ஃபோர்டு விடவில்லை, எல்லோர் முன்னாலும் மட்டமாகப் பேசினார். பென் எழுந்தார். நேராக ஃபோர்டிடம் போய், இந்தப் படத்தை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்கிற மாதிரி காட்டமாகச் சொல்லிவிட்டு வெளியே போய்விட்டார்.

படத்தை முடித்துக்கொடுத்தார். ஆனால் ஃபோர்டு அவரை மறுபடி அழைக்கப் பதினான்கு வருடம் ஆனது. 1964-ல் 'செயென் ஆட்டம்'. ஏழு வருட ஒப்பந்தம் கொடுத்த அதே கை. பென் இதைப் பற்றிப் பிறகு கசப்போடு பேசியதே இல்லை. ஃபோர்டை மதித்தே பேசினார்.

தேவகோட்டையான்:

மரியாதை கெட்ட இடத்தில் சோறு தின்ன மனசு வராத ஆள். புரிகிறது. அப்புறம் என்ன செய்தார்?

மேய்ச்சல்நிலம்:

இங்கேதான் எனக்கு அவர் மேல் தனி மரியாதை. 1953-ல் 'ஷேன்' வெளியானது. அதில் மதுக்கடையில் ஷேனை வம்புக்கிழுத்து அடி வாங்குகிற முரடன் வேடம், பெயர் கிறிஸ் காலவே. பின்னால் மனம் மாறி எச்சரிக்கை செய்ய வருவான். சின்ன வேடம்தான், ஆனால் அந்தத் திருப்பம் முழுக்க அவருடைய பார்வையில் இருக்கிறது. படம் பெரிய வெற்றி. அந்த நேரத்தில் அவர் சினிமாவை ஓரமாக வைத்துவிட்டு ஒரு வருடம் முழுக்க ரோடியோவுக்குப் போனார். அப்பாவைப் போல உலகப் பட்டம் வெல்ல வேண்டும் என்ற ஆசை.

அவர் போட்டியிட்டது ஜோடிக் கயிறு வீச்சு. இரண்டு குதிரைக்காரர்கள், ஒரு காளை. முன்னால் போகிறவர் காளையின் கொம்பில் கண்ணி வீச வேண்டும், வீசியதும் கயிற்றைச் சேணத்தின் முன்பக்கம் நீட்டியிருக்கிற கொம்பில் சுற்றிக் காளையைத் திருப்ப வேண்டும். பின்னால் வருகிறவர், ஓடுகிற அதன் பின்னங்கால் இரண்டையும் சேர்த்துக் கண்ணியில் பிடிக்க வேண்டும். இரண்டு கயிறும் இறுகி, இரண்டு குதிரைகளும் எதிரெதிரே நின்றால்தான் கடிகாரம் நிற்கும். சில நொடிகள்தான் மொத்த ஆட்டமும். கயிற்றைச் சேணக் கொம்பில் சுற்றும்போது கட்டைவிரல் நடுவில் மாட்டினால் விரல் போய்விடும். விரல் இழந்தவர்கள் அந்த ஆட்டத்தில் நிறைய.

1953-ன் உலகப் பட்டத்தை வென்றார். வருடக் கடைசியில் கணக்குப் பார்த்தால் கையில் மிஞ்சியது ஓடித் தேய்ந்த கார் ஒன்றும் கோபமாக இருந்த மனைவியும்தான் என்று சொல்வார். சினிமாவுக்குத் திரும்பினார். ஆனால் உலகப் பட்டத்துக்காகக் கொடுத்த அந்த இடுப்புப் பட்டை வில்லையைத்தான் (பெல்ட் பக்கிள்) கடைசிவரை பெரிதாக மதித்தார். ரோடியோ உலகப் பட்டமும் ஆஸ்கரும் இரண்டும் வென்ற ஒரே மனிதர் இவர்தான்.

லாயக்காரன்:

வில்லையைப் பெரிதாக மதித்தார் என்பது எனக்குப் புரிகிறது. கயிறு வீச்சில் நடுவருக்குப் பிடிக்கிறதா, பத்திரிகைக்குப் பிடிக்கிறதா என்ற கேள்வியே இல்லை. காளை கட்டுப்பட்டதா இல்லையா, எத்தனை நொடி, அவ்வளவுதான்.

ரீல்பெட்டி:

அப்படியானால் ஆஸ்கர் பக்கம் வருவோம், என் முக்கியமான மறுப்பு அங்கேதான். 'தி லாஸ்ட் பிக்சர் ஷோ', 1971. படத்தில் அவர் வருவது பத்து நிமிடத்துக்கும் குறைவு. முதலில் வேண்டாம் என்றே சொன்னார், வசனத்தில் கெட்ட வார்த்தைகள் இருக்கின்றன என்று. இரண்டு வருடம் முன்னால் 'தி வைல்ட் பன்ச்' படத்தில் ரத்த ஆற்றில் நின்றவருக்கு இது என்ன கூச்சம்? இயக்குநர் பீட்டர் பொக்டனோவிச், ஃபோர்டிடம் சொல்லி போன் போடச் சொன்னார். வாழ்நாள் முழுக்க ஜான் வெய்னுக்குக் கைத்தடியாகவே இருக்கப் போகிறாயா என்று ஃபோர்டு கேட்டபிறகுதான் ஒப்புக்கொண்டார். ஆக, ஒரு பழைய காலம் முடிகிறது என்ற ஏக்கத்தில் ஹாலிவுட் தன் பழைய மனிதர் ஒருவருக்குக் கொடுத்த பரிசு அது என்றே நினைக்கிறேன். அந்த வருடம் அதே படத்துக்காகப் பரிந்துரையில் இருந்த ஜெஃப் பிரிட்ஜஸ் இன்னும் பெரிய வேடம் செய்திருந்தார்.

மேய்ச்சல்நிலம்:

கெட்ட வார்த்தை விஷயத்தில் ஒரு திருத்தம். மற்றவர்கள் பேசுவதை அவர் தடுக்கவில்லை. தன் வாயால் சொல்ல வேண்டியதை மட்டும் மாற்றிக்கொள்ள அனுமதி கேட்டார், கிடைத்தது. சுட்டுக்கொண்டு சாகிற கொள்ளைக்காரனாக நடிப்பதும், பெண்கள் காதுபட அசிங்கமாகப் பேசுவதும் அவருடைய ஊரில் ஒன்றில்லை.

'வைல்ட் பன்ச்' பற்றி அதிகம் சொல்லப்போவதில்லை, அதை இங்கே பலரும் மனப்பாடமாக வைத்திருக்கிறீர்கள். வில்லியம் ஹோல்டன், எர்னஸ்ட் போர்க்னைன், வாரன் ஓட்ஸ், இவர் என்று நான்கு பேர் சாவை நோக்கி வரிசையாக நடக்கிற காட்சியை மட்டும் மறுபடி போட்டு இவர் நடையைப் பாருங்கள். சேணத்திலேயே வாழ்ந்த இடுப்பு அது.

ஆஸ்கருக்கு வருகிறேன். சாம் என்ற அந்தப் பாத்திரம், டெக்சாஸின் ஒரு செத்துக்கொண்டிருக்கிற ஊரில் பில்லியர்ட்ஸ் கூடம், சாப்பாட்டுக்கடை, சினிமாக் கொட்டகை மூன்றையும் நடத்துகிறவர். பையன்கள் பில்லி என்ற வாய் பேசாத சிறுவனை ஒரு கேவலமான விளையாட்டுக்குப் பயன்படுத்திவிட்டுக் கொண்டுவந்து விடுவார்கள். சாம் கத்தமாட்டார். இனிமேல் என் கடை எதிலும் கால் வைக்காதீர்கள் என்பார். குரலை ஒரு படி இறக்கித்தான் சொல்வார். அந்த இடத்தில் எனக்கு லாயக்காரன் அண்ணன் சொன்ன மிரண்ட குதிரைதான் ஞாபகம் வந்தது. வெடுக்கென்று இழுக்காத கை.

பத்து நிமிடம் குறைவு என்கிறீர்கள். படத்தின் நடுவில் சாம் செத்துப்போன செய்தி மட்டும் வரும், சாவைக் காட்டமாட்டார்கள். அதற்குப் பிறகு மீதிப் படம் முழுக்க அந்த ஊர் காலியாகத் தெரிகிறது. பத்து நிமிடத்தில் ஒரு ஊரை நிரப்பியிருந்தால்தான் போனபின் அது காலியாகத் தெரியும்.

மழைக்குருவி:

1972 ஏப்ரல் 10 ஆஸ்கர் விழாவில் அவர் பேசியதைத் தேடிப் பார்த்தேன். நான் சொல்லப்போவது உலகம் முழுக்கச் சர்ச்சையைக் கிளப்பும் என்று ஆரம்பித்து, இந்தப் பரிசு இதைவிட நல்ல ஆளுக்குப் போயிருக்க முடியாது என்றார். அரங்கமே சிரித்தது. ஐம்பத்து மூன்று வயது. அதே படத்துக்காக குளோரிஸ் லீச்மனுக்கும் துணை நடிகை விருது கிடைத்தது.

ஸ்டண்ட் வேலைக்கென்று ஆஸ்கரில் தனிப் போட்டி விருதே இத்தனை காலம் இல்லை என்பதும் அப்போதுதான் தெரிந்தது. 2025 ஏப்ரலில்தான் அறிவித்திருக்கிறார்கள். 2027-ல் வெளியாகிற படங்களிலிருந்து, 2028 விழாவில் முதல் விருது. நூறாவது ஆஸ்கர் வரை காத்திருக்க வேண்டியிருக்கிறது. கனட் 1986-லேயே போய்விட்டார்.

தேவகோட்டையான்:

நூறு வருடம் தாமதம். அந்தக் காலத்தில் முதுகை மட்டும் காட்டிவிட்டுப் போனவர்கள் பெயர் டைட்டிலில்கூட வராது. கேட்கவே மனசு கனக்கிறது.

விருதுக்குப் பிறகு பெரிய ஆளாகிவிட்டாரா?

மேய்ச்சல்நிலம்:

சம்பளம் ஏறியது, வேடங்கள் தொடர்ந்து வந்தன ஐயா. 1973-ல் 'டில்லிஞ்சர்' படத்தில் எஃப்.பி.ஐ. அதிகாரி மெல்வின் பர்விஸ். 1974-ல் ஸ்பீல்பெர்க்கின் 'தி சுகர்லாண்ட் எக்ஸ்பிரஸ்' படத்தில் துரத்திப் போகிற போலீஸ் கேப்டன். அந்தப் படத்தில் சுடச் சொல்லி உத்தரவு கொடுக்க மனசு வராமல் திணறுகிற முகத்தை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். 1980, 90-களில் கிடைத்ததைச் செய்தார், சில படங்கள் சொல்லும்படியாக இல்லை. ஓய்வு நேரத்தில் குழந்தைகளின் மருத்துவத்துக்கு நிதி திரட்ட ரோடியோ போட்டிகள் நடத்தினார்.

மனைவி கரோல் 1994-ல் இறந்தார். ஐம்பத்து மூன்று வருடம் சேர்ந்து வாழ்ந்தவர்கள். இரண்டு வருடம் கழித்து, 1996 ஏப்ரல் 8, அரிசோனாவில் மேசா என்ற ஊரில் இருந்த தன் அம்மாவைப் பார்க்கப் போயிருந்தபோது மாரடைப்பில் போய்விட்டார். எழுபத்தேழு வயது. அம்மா அப்போது உயிரோடு இருந்தார். ஓசேஜ் பகுதியில் பாஹஸ்கா என்ற ஊரில் அவர் பெயரில் ஒரு கௌபாய் அருங்காட்சியகம் இருக்கிறது.

ரீல்பெட்டி:

இரண்டு நாள் இழைக்கு வரவில்லை, காரணம் 'லாஸ்ட் பிக்சர் ஷோ'வை மறுபடி பார்த்தேன். என் கருத்தில் பாதியைத் திரும்பப் பெறுகிறேன். ஏக்கத்தில் கொடுத்த பரிசு என்பதில் கொஞ்சம் உண்மை இருக்கிறது என்று இன்னமும் நினைக்கிறேன். ஆனால் குளக்கரைக் காட்சியை அவர் செய்ததுபோல வேறு யார் செய்திருப்பார்கள் என்று யோசித்தேன், ஒரு பெயரும் வரவில்லை.

சாம் இரண்டு பையன்களோடு மீன் பிடிக்கக் கரையில் உட்கார்ந்திருக்கிறார். இருபது வருடம் முன்னால் ஒரு பெண்ணை இங்கே கூட்டி வந்தேன் என்று சொல்ல ஆரம்பிக்கிறார். அந்தப் பெண் குதிரையோடு இந்தக் குளத்தை நீந்திக் கடக்கலாம் என்றாள், உன்னை முந்துவேன் என்று ஒரு வெள்ளி டாலர் பந்தயம் கட்டினாள், முந்தவும் செய்தாள். இவ்வளவுதான் கதை. அந்தக் குதிரைகள் திரையில் கிடையாது, அந்தப் பெண்ணும் கிடையாது. கேமரா மெல்ல அவர் முகத்துக்குப் போகிறது, அப்புறம் மெல்ல விலகுகிறது. தண்ணீரை அவர் பார்க்கிற விதத்தில் குதிரைகள் கடந்துபோவதை நான் பார்த்தேன்.

லாயக்காரன்:

அந்தக் காட்சியை நானும் நேற்று ராத்திரி பார்த்தேன் சார், என் மகள் போட்டுக் காட்டினாள். ஆங்கிலம் எனக்கு முழுசாகப் புரியவில்லை, அவள்தான் சொன்னாள்.

குதிரையோடு ஆழமான தண்ணீரில் இறங்கினால், தரை காலுக்குத் தட்டுப்படாத இடம் வந்ததும் லகானைத் தளர்த்திவிட வேண்டும். பயத்தில் இழுத்தால் அது பின்பக்கமாகச் சரியும். பிடரி மயிரைப் பிடித்துக்கொண்டு, பாரத்தைக் குறைத்து, அதன் போக்குக்கே விட்டுவிட வேண்டும். கரையேறும்போது அது மொத்த உடம்பையும் ஒரு சிலிர்ப்புச் சிலிர்க்கும், அதற்கு முன்னால் நாம் சரியாக உட்கார்ந்திருக்க வேண்டும்.

அவர் அந்தப் பெண்ணைப் பற்றிச் சொல்லும்போது கைகளைப் பார்த்தேன். தளர்ந்து இருந்தன.